லுக்வாத்தா திரும்பக் கேட்ட உடல்

கியிம்பாவுக்குக் குழி வெட்டியவர்களில் நானும் ஒருவன். அவன் உடலைக் கொண்டுவந்த படகு எங்கள் லுவாபா தீவில் வந்து தட்டியபோது கயிற்றைப் பிடித்துக் கட்டியதும் நான்தான். படகில் வந்த நாலு பேரும் பிற்பாடு ஆளுக்கொரு விதமாகச் சொன்னார்கள். ஒருவர் விட்டதை இன்னொருவரிடம் கேட்டு வாங்கினேன். கைப்பேசியெல்லாம் வராத காலம். வந்திருந்தாலும் அன்றைக்கு அந்தப் படகில் யாரும் படம் எடுத்திருக்கமாட்டார்கள்.

கியிம்பாவுக்கு இரண்டு வீடு. லுவாபாவில் மூத்தவள் யயேரி, மூன்று பிள்ளைகள், ஒரு பெரிய வாழைத்தோட்டம். நீரிணைக்கு அந்தப் பக்கம் புசிரா தீவில் மீன்பிடித் துறை. அங்கே தகரக் குடிசையில் இளையவள் நலுங்கா. வருடத்தில் பாதிக்குமேல் அவன் புசிராவில்தான் கிடப்பான். மனைவிகள் இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தது அபூர்வம். பார்த்தபோதும் வணக்கம் சொல்லிக்கொண்டதோடு சரி.

லுக்வாத்தாவைப் பற்றி எங்கள் பக்கத்தில் யாரும் யாருக்கும் சொல்லிக்கொடுப்பதில்லை. நடக்கப் பழகும் முன்பே தெரிந்துவிடும். நலுபாலே ஏரியின் ஆழத்தில் கிடக்கும் பெரிய பாம்புபோன்ற பூதம் அது. முதலையோடு சண்டை போட்டு முதலையை இரண்டாக்கும். படகை அடியிலிருந்து தூக்கிக் கவிழ்க்கும். அதன் சத்தத்தைக் கேட்டவர்கள் உண்டு, பார்த்தேன் என்பவர்களும் உண்டு. பார்த்தவர்களில் முக்கால்வாசிப் பேர் சாராயக் கடையில் உட்கார்ந்துதான் சொல்வார்கள். அதனால் பயமும் சிரிப்பும் சேர்ந்தே இருந்தது எங்களுக்கு, கியிம்பா சாகும்வரை.

அன்று விடிந்து வெயில் ஏறத் தொடங்கியிருந்தது. கியிம்பா சின்னத் தோணியில் தனியாகப் போய் வலை இழுத்துக்கொண்டிருந்தான். நலுங்கா கரைப் பாறைமேல் பொடிமீனைக் காயப் பரப்பிக்கொண்டிருந்தாள். காற்றே இல்லை. தோணிக்குப் பின்னால் தண்ணீர் லேசாக மேடு கட்டியது என்றாள் அவள். அந்த மேட்டுக்குள்ளிருந்து கவிழ்த்துப்போட்ட படகுபோல ஏதோ கறுப்பாக எழுந்தது. எழுந்தது நகர்ந்தது. நகர நகர அதன் உடம்பு வந்துகொண்டே இருந்தது. தோணியின் பின்பக்கம் வானத்தைப் பார்த்தது. கியிம்பா கத்தவில்லை. நலுங்காவுக்கும் கத்த வரவில்லை. தண்ணீர் மறுபடி பலகைபோல ஆனபிறகுதான் அவளுக்குக் குரல் வந்தது.

மறுநாள் நாணல் புதரில் உடல் கிடைத்தது. துறையில் இருந்தவர்கள் அதைப் புரட்டிப் பார்த்தார்கள். நீர்யானை கடித்தால் பல் பதிந்த ஓட்டை இருக்கும். முதலை என்றால் உடலே திரும்பாது. இவன் உடம்பில் ஒரு கிழிசல்கூட இல்லை. தோளிலிருந்து இடுப்புவரை அகலமான சிவந்த வரி, கயிறு சுற்றினாற்போல. அந்த வரிக்குள் விலா எலும்பு எல்லாம் நொறுங்கியிருந்தது.

அன்று மாலைக்குள் ஆளாளுக்கு ஞாபகம் வந்துவிட்டது. போன மழையில் ஒருத்தி துணி துவைக்கும்போது பார்த்தாளாம். சரக்குப் படகுக்காரர்கள் தண்ணீருக்கடியில் மாடு கத்துவதுபோலக் கேட்டார்களாம். சாராயக் கடைக்காரன் அதற்குத் தாடி உண்டு என்றான். தாடியைப் பார்த்தவன் பக்கத்தில் போய்ச் சீவிவிட்டிருக்கலாமே என்று ஒருவன் கேட்டான், ஆனால் யாரும் சிரிக்கவில்லை. கடைசியில் எல்லாரும் ஒரே பேச்சுக்கு வந்தார்கள். லுக்வாத்தா அவனைப் பிடித்தது, தின்னவில்லை, வைத்துவிட்டுப் போயிருக்கிறது. வைத்ததைத் தேடி வரும். இந்த உடலை ஏரிமேல் எடுத்துப்போகிறவன் படகு கரை சேராது. இங்கேயே மேட்டில் புதைத்துவிடுவோம்.

நலுங்காவும் அதைத்தான் சொன்னாள். ஆனால் செய்தி லுவாபாவுக்குப் போய்விட்டது. கியிம்பாவின் அப்பன் படுத்த படுக்கை, தம்பி கம்பாலாவில். அதனால் மறுநாள் காலைச் சரக்குப் படகில் யயேரியே கிளம்பினாள், பிணத்தைச் சுற்றிப் புதைக்கவென்று வீட்டிலிருந்த பெரிய மரப்பட்டைத் துணியை மடித்து இடுக்கிக்கொண்டு. குலத்து இடுகாட்டில் புதைக்காதவனுக்கு வாரிசு நிறுத்த முடியாது, அவன் பிள்ளைகளைக் குலத்தில் யாரும் மதிக்கமாட்டார்கள். யயேரிக்கு வேறு எதுவும் அன்றைக்கு முக்கியமில்லை.

குடிசை வாசலில் நலுங்கா மண்டியிட்டு வணக்கம் சொன்னாள். யயேரி நின்றபடியே பதில் சொன்னாள். உடலைப் பார்த்தாள். வரியைத் தொட்டுப் பார்த்தாள். அப்புறம் கேட்டாள்.

"அதுக்குத் தலை இருந்துச்சா?"

"தலையப் பாக்கலக்கா. முதுகுதான். முடிவே இல்லாம வந்துக்கிட்டே இருந்துச்சு."

"தலையில்லாத ஒண்ணு வந்து எம் புருசனக் கொன்னுட்டுப் போயிருச்சு. அப்படித்தானே? உங்கிட்ட வந்ததுலேருந்து அவன் தண்ணியிலதான் கெடந்தான். ஒண்ணு ஏரித்தண்ணி, இல்லாட்டி அந்தக் கடைத்தண்ணி. எதுல விழுந்து செத்தான்னு நீதான் சொல்லணும்."

நலுங்கா உடலை எடுத்துப்போக வேண்டாம் என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னாள். யயேரி காதில் வாங்கவில்லை.

துறையில் ஒரு படகும் அசையவில்லை. ஒருவன் இன்ஜின் பழுது என்றான், ஒருவன் பெட்ரோல் இல்லை என்றான், ஒருவன் வெளிப்படையாகவே பயம் என்றான். லுத்தாயா மட்டும் முன்வந்தான். கியிம்பாவின் கூட்டாளி. இரட்சிக்கப்பட்ட பிறகு குடியை விட்டவன், ஞாயிற்றுக்கிழமைகளில் துறையில் நின்று பிரசங்கம் செய்பவன்.

"இயேசுவோட ரத்தம் இருக்கறப்ப பாம்பாவது பூதமாவது. ஏறுங்க அண்ணி," என்றான்.

துடுப்புக்குக் கதும்பா என்று ஒருவனைக் கூட்டிக்கொண்டான். கதும்பா அதிகம் பேசாதவன், ஐம்பது தாண்டியவன். அவனுக்கு லுவாபாவில் மகள் வீடு இருந்தது, எப்படியும் போக வேண்டியவன்.

நலுங்கா வரமாட்டாள் என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். பற்கள் அடித்துக்கொள்ளும் அளவுக்கு நடுங்கிக்கொண்டிருந்தாள். ஆனால் படகைத் தள்ளும்போது இடுப்பளவு தண்ணீரில் ஓடி வந்து ஏறிக்கொண்டாள். உடல் நடுவில் இரண்டு பலகைமேல் கிடந்தது, வெள்ளைத் துணியில் சுற்றி வாழைநார்க் கயிற்றால் கட்டி. மேலே யயேரி கொண்டுவந்த மரப்பட்டைத் துணி. இரண்டு மனைவிகளும் தலைமாட்டில் ஒருத்தி, கால்மாட்டில் ஒருத்தி.

நல்ல வெயில். யயேரி குடை பிடித்துக்கொண்டாள். தூரத்தில் ஏரிக்கொசுக் கூட்டம் புகைத்தூண்போல நின்றது. லுத்தாயா இன்ஜின் சத்தத்துக்கு மேல் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தான். லுவாபாவின் மரங்கள் தனித்தனியாகத் தெரியும் தூரம் வந்தபோது இன்ஜின் ஒரு முறை உறுமி, படகு குலுங்கி, சத்தம் மாறியது. விசிறி எதிலோ இடித்திருந்தது.

அந்த இடத்தில் பாறை கிடையாது. வலை போடுகிறவர்கள் கயிறு விட்டுப் பார்த்து அடி எட்டாத இடம் அது. லுத்தாயா இன்ஜினை அணைத்து மேலே தூக்கினான். விசிறியைப் பிடித்து நிறுத்தும் ஆணி முறிந்திருந்தது. தகட்டில் கறுப்பாக, கொழகொழவென்று ஏதோ ஒட்டியிருந்தது. விரலால் தொட்டு முகர்ந்தான். பிறகு அந்த விரலைக் கால்சட்டையில் துடைத்தான். மறுபடி துடைத்தான். துடைத்துக்கொண்டே இருந்தான். பாட்டு நின்றுபோனது.

என்னவென்று யயேரி கேட்டாள். பாசி என்றான். கதும்பாவைத் துடுப்புப் போடச் சொன்னான். மாற்று ஆணி எடுத்து வரவில்லை.

இன்ஜின் சத்தம் போனதும் ஏரி எவ்வளவு அமைதியாக இருக்கிறது என்று தெரிந்தது. பறவை ஒன்றுகூட இல்லை. பழைய வலையை வெயிலில் போட்டால் எழும் வாடை தண்ணீரிலிருந்து வந்தது. நலுங்கா குனிந்து உடல்மேல் முகத்தை வைத்துக்கொண்டாள். "அதுதான்," என்றாள் மெல்ல.

படகு எழுந்தது. அலை இல்லை. யாரோ அடியில் இருந்துகொண்டு முதுகால் மெதுவாக நெம்பியதுபோல ஒரு சாண் எழுந்து, அப்படியே நின்று, மறுபடி இறங்கியது. யயேரி குடையை மடித்துவிட்டு ஓரத்தில் எட்டிப் பார்த்தாள். வெயில் செங்குத்தாக இறங்கியதால் தண்ணீர் பச்சையாக ஆழம்வரை தெரிந்தது. அந்தப் பச்சைக்குள் ஓர் இருட்டு படகின் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் போய்க்கொண்டிருந்தது. படகின் நிழல் என்று முதலில் நினைத்தாளாம். நிழல் படகோடு நிற்கும். இது போனது. போய் முடியவே இல்லை. முடிந்தபோது அதன் மேலிருந்து கரைந்த சேறு பின்னால் புகைபோலப் பரவியது.

சற்றுத் தள்ளி அது மேலே வந்தது. முதுகு மட்டும். ஈரத் தோல் வெயிலில் மின்னியது. முதுகின் நடுவே பழைய கயிற்றுத் தழும்புபோல வெளுத்த கோடுகள். தண்ணீரைக் கிழித்த சத்தமே இல்லாமல் படகைச் சுற்றி வளைந்து வந்தது. ஒரு சுற்று வந்து முடித்தபோது முன்னைவிடக் கிட்டத்தில் இருந்தது.

லுத்தாயா எழுந்து நின்றான்.

"அண்ணி, அவனைக் குடுத்திருவோம்."

யயேரி அவனை நிமிர்ந்து பார்த்தாள்.

"அது வச்சிட்டுப் போன இரை இது. அதைத்தான் தேடி வந்திருக்கு. குடுத்திட்டா நம்மள விட்டுரும். நாலு உசிரு இருக்கு அண்ணி இங்க. அவன் செத்துட்டான்."

"எறிஞ்சிட்டுப் போயி எம் புள்ளைங்ககிட்ட என்னத்தக் காட்டறது?"

"உங்களக் காட்டுங்க. அப்பனும் இல்ல ஆத்தாளும் இல்லன்னு ஆகணுமா?"

 யயேரி இதை என்னிடம் மறைக்கவில்லை: அந்த நிமிடம் அவள் கை தலைமாட்டுக் கயிற்றை விட்டுவிட்டது. அவன் சொன்னதில் தப்பு எதுவும் அவளுக்குத் தெரியவில்லை. லுத்தாயா குனிந்து தோள்பக்கம் பிடித்துத் தூக்கப் பார்த்தான். உடல் அசையவில்லை. நலுங்கா அதன்மேல் கவிழ்ந்து படுத்துக் கையையும் காலையும் சுற்றியிருந்தாள். நார்க்கயிற்றுக்குள் விரல்களை நுழைத்திருந்தாள். 

"என்னையும் சேத்துத் தூக்கிப் போடுங்கண்ணே," என்றாள். "ஒரு தடவ அது இவரைப் பிடிச்சப்ப நின்னு பாத்துக்கிட்டே இருந்தேன். இன்னொரு தடவ என்னால பாக்க முடியாது."

லுத்தாயா அவள் சட்டைக் கழுத்தைப் பிடித்து இழுத்தான். துணி கிழிந்தது, அவள் வரவில்லை. மறுபடி இழுத்தபோது யயேரி எழுந்து அவன் நெஞ்சில் இரண்டு கையையும் வைத்துத் தள்ளினாள். தள்ள வேண்டும் என்று நினைக்கவில்லை, கை போய்விட்டது என்றாள். படகு சாய்ந்தது. லுத்தாயா மல்லாக்கத் தண்ணீரில் விழுந்தான்.

ஏரியிலேயே வளர்ந்தவன், ஆனால் நீச்சல் நன்றாக வராது. எங்களில் பலருக்கும் அப்படித்தான். எழுந்து இரண்டு கையாலும் தண்ணீரை அடித்தான். அதற்குள் படகு விலகிவிட்டது, ஏனென்றால் முன்னால் உட்கார்ந்திருந்த கதும்பா துடுப்பை நிறுத்தவே இல்லை. படகு எழுந்ததிலிருந்து அவன் ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. யயேரி கத்திச் சொன்னபிறகுதான் துடுப்பைப் பிடித்து நிறுத்தினான். அப்போதும் திரும்பவில்லை.

சுற்றி வந்துகொண்டிருந்த முதுகு தண்ணீருக்குள் இறங்கியது.

படகில் நீளமான கயிறு எதுவும் கைக்கு எட்டவில்லை. யயேரி புருசன்மேல் போர்த்தியிருந்த மரப்பட்டைத் துணியை உருவி, ஒரு முனையைக் கையில் சுற்றிக்கொண்டு, மீதியை வீசினாள். பெரிய துணி அது, வாசலை மறைத்துக் கட்டும் அளவு. லுத்தாயா அதன் நடுவில் பிடித்துவிட்டான். நலுங்கா உடலை விட்டு எழுந்து வந்து யயேரியின் இடுப்பைக் கட்டிக்கொண்டாள். இருவரும் சேர்ந்து இழுத்தார்கள். அவன் அவர்களைப் பார்க்கவில்லை. தனக்குக் கீழே பார்த்துக்கொண்டிருந்தான். பிற்பாடு சொன்னான், ஏதோ ஒன்று அவன் கால்களை உரசிக்கொண்டு போனதாம், வழவழவென்று, சில்லென்று. ஒரு முழு ஜெபம் சொல்லி முடிக்கிற நேரம் உரசிக்கொண்டே இருந்ததாம். அவன் ஜெபம் சொல்லவில்லை. ஒரு வார்த்தைகூட ஞாபகம் வரவில்லை என்றான்.

அவனை விளிம்பில் போட்டு உள்ளே உருட்டினார்கள். துணியின் மறுமுனை தண்ணீரில் மிதந்துகொண்டிருந்தது. யயேரி அதைச் சுருட்டி இழுக்கத் தொடங்கினாள். துணி வந்தது. பிறகு வரவில்லை. பிறகு விறைத்தது.

மறுபக்கத்திலிருந்து யாரோ பிடித்திருப்பதுபோல. வெடுக்கென்று இழுக்கவில்லை, கொஞ்சம் கொஞ்சமாக வாங்கிக்கொண்டிருந்தது. யயேரியின் கை விளிம்புவரை போய்விட்டது. அவள் விடவில்லை. மாமனார் கையால் வாங்கிய துணி, புருசனோடு குழிக்குள் போக வேண்டியது. விட வேண்டும் என்பதே தோன்றவில்லை அவளுக்கு.

"விட்டுருக்கா," என்றாள் நலுங்கா, அவள் காதோடு. "அது போகட்டும். விட்டுரு."

நலுங்காவே அவள் கையில் சுற்றியிருந்ததைப் பிரித்துவிட்டாள். மரப்பட்டைத் துணி ஊறிக் கனக்கும்வரை மிதக்கும், எல்லாருக்கும் தெரியும். அந்தத் துணி ஒரு முறைகூட விரியாமல் நேராகக் கீழே போனது. பச்சைக்குள் அதன் செம்மண் நிறம் கொஞ்ச நேரம் தெரிந்தது. அப்புறம் அதுவும் தெரியவில்லை.

கதும்பா மறுபடி துடுப்புப் போட்டான். லுத்தாயா தண்ணீர் இறைக்கும் தட்டாலும் யயேரி ஒரு பலகையாலும் துழாவினார்கள். நலுங்கா மறுபடி போய் நார்க்கயிற்றுக்குள் விரல்களைக் கோத்து உட்கார்ந்துகொண்டாள். கரைக்குப் பாதி தூரம் வந்தபோது பின்னாலிருந்து அந்தச் சத்தம் கேட்டது. காதில் கேட்டதைவிடப் படகின் மரத்தில் கேட்டது, உட்கார்ந்திருந்த இடத்தில் எலும்புக்குள் ஏறியது. கன்று போன மாடு கத்துவதுபோல் இருந்தது என்று மூன்று பேரும் சொன்னார்கள். கதும்பாவைக் கேட்டால், தனக்கு ஒரு காது கொஞ்சம் மந்தம் என்றான். அது உண்மை இல்லை.

நாங்கள் கரையில் காத்திருந்தோம். நான் கயிற்றைப் பிடித்தேன். லுத்தாயா இறங்கி நாலு அடி வைத்து மணலில் விழுந்து வாந்தி எடுத்தான். யயேரி இறங்கி, இடுப்புக்குக் கீழே நனைந்த கொமேசி உடுப்போடு எங்கள் முன் மண்டியிட்டு, முறைப்படி எல்லார் வீட்டையும் விசாரித்தாள். குரல் சரியாக இருந்தது.  நலுங்காவை நாங்கள் தூக்கித்தான் இறக்கினோம். நார்க்கயிற்றில் கோத்த விரல்களை அவளால் பிரிக்க முடியவில்லை. கயிற்றை அறுத்தோம்.

அன்று மாலையே புதைத்தோம். உறவுக்காரர்கள் கொண்டுவந்த மற்றத் துணிகளைச் சுற்றினோம். மூத்தவள் கொண்டுபோன துணி எங்கே என்று குலத்துப் பெரியவர் ஒருவர் கேட்டார். காற்று அடித்துக்கொண்டு போய்விட்டது என்றாள் யயேரி. அன்று முழுக்க வாழையிலை ஒன்றுகூட ஆடவில்லை. 

கதும்பா மகள் வீட்டில் சில நாள் இருந்துவிட்டு ஏதோ ஒரு படகில் ஏறிப் புசிராவுக்குப் போய்விட்டான். மற்ற இருவரும் போகவில்லை. லுத்தாயா காலையில் படகருகே வருவான், விளிம்பில் கையை வைப்பான், திரும்பிவிடுவான். கடைசியில் இன்ஜினை விற்றுவிட்டு இங்கேயே கரி மூட்டம் போட ஆரம்பித்தான். பெண்டாட்டி பிள்ளைகள்தான் படகேறி வந்து சேர்ந்தார்கள். அவர்கள் வருகிற அன்று அவன் கரைக்கு வரவில்லை, வீட்டுக்குள் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தான். பிரசங்கத்தை விட்டுவிட்டான். சர்ச்சுக்குப் போவான், பின்வரிசையில் உட்காருவான்.

நலுங்கா யயேரியின் வீட்டிலேயே தங்கினாள். ஏரியைப் பார்க்காத பின்னறையைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். தோட்டத்தில் களை எடுப்பாள், மத்தோக்கே வாழைக்காய் வேகவைப்பாள், அடுப்புக்கு யார் விறகு அதிகம் வைத்தது என்று இருவரும் தினமும் சண்டை போடுவார்கள். தண்ணீர் எடுக்க மட்டும் அவளை யாரும் அனுப்பியதில்லை.

சில மாதம் கழித்துச் செய்தி எப்படியோ போய், மீன்வளத்துறையிலிருந்து ஓர் அதிகாரி கேமராவோடு வந்தார். லுத்தாயா இரண்டு கையையும் விரித்து நெடுநேரம் சொன்னான். நலுங்கா அறையை விட்டு வெளியே வரவில்லை. யயேரி வாசலில் பாய் விரித்து அவரை உட்காரவைத்தாள். ஏரியில் என்ன பார்த்தீர்கள் என்று கேட்டார்.

"மரக்கட்டை," என்றாள். "பெரிய மரக்கட்டை ஒண்ணு மெதந்துச்சு. படகுல முட்டுச்சு."

அவர் போன பிறகு நான் கேட்டேன், லுத்தாயா எல்லாவற்றையும் சொன்னபிறகும் ஏன் இப்படி என்று.

"நாளைக் காலையில எம் மக இதே தண்ணியிலதான் குடத்த முக்கணும்," என்றாள். "வேற தண்ணி எங்க இருக்கு நமக்கு? மரக்கட்டைன்னு நாஞ் சொன்னாத்தான் அவ எறங்குவா."

மகள் இறங்குகிறாள். முழங்கால் அளவுக்குப் போய்க் குடத்தை முக்குகிறாள். அந்த நேரம் யயேரி என்ன வேலை கிடந்தாலும் விட்டுவிட்டுக் கரைக்கு வந்து நிற்கிறாள். மகள் மேலேறி மணலில் கால் வைக்கும்வரை தண்ணீரிலிருந்து கண்ணை எடுப்பதில்லை.